பதினாலாம் பக்கத்து வாங்கு

1

முதலில் உண்மையைச் சொல்லிவிடுகிறேன், போகப் போக அதற்கு வாய்க்காது. எனக்கு "இல்லை" என்று சொல்ல வராது. இந்தக் கதை பிறந்ததற்குக் காரணம் அதுதான். ஒரு பத்திரிகைக்காரர் போன் எடுத்தார். பெருநகரங்களைச் சுற்றிப் பார்ப்பது பற்றிச் சிறப்பிதழ் போடுகிறோம், வழிகாட்டி நூல்கள், நகரக் கதைகள் எல்லாம் வருகிறது, நீங்களும் ஒன்று தர வேண்டும் என்றார். ஓம் என்றேன். போனை வைத்த பிறகுதான் நான் பார்த்த ஆகப் பெரிய நகரம் கொழும்பு என்பது நினைவுக்கு வந்தது. அங்கேயும் புறக்கோட்டையில் பஸ்ஸால் இறங்கினால் வந்த திசை மறந்துபோகும். பாரிசுக்குப் போக விசாக் கேட்டு ஒன்றுக்கு மூன்று தடவை வரிசையில் நின்றிருக்கிறேன். இவன் போனால் திரும்பி வரமாட்டான் என்று மூன்று தடவையும் சொல்லிவிட்டார்கள். (வந்திருக்கவும் மாட்டேன். அதை விடுங்கள்.)

சரி, பாரிசையே எழுதுவோம் என்று உட்கார்ந்தேன்.

"பாரிஸ் மாநகரின் கூரைகளில் பனி மெல்ல மெல்ல

நிறுத்திவிட்டேன். பனியை நான் குளிர்சாதனப் பெட்டியின் மேல்தட்டில்தான் கண்டிருக்கிறேன்.

"மன்னார் வீதியில் கழுதைகள் வரிசையாக

இதுவும் வேண்டாம். மன்னாரைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் கழுதையில் ஏறித்தான் ஊருக்குள் வருகிறார்கள். கழுதைகளுக்கும் ஓய்வு வேண்டும்.

மூன்றாவது தடவை, போகாத ஊருக்கு வழி சொல்கிற ஒருத்தியைப் பற்றி எழுதினால் என்ன என்று தோன்றியது. நான் படப்போகிற பாட்டை அவள் பட்டுவிட்டுப் போகட்டும். அப்படித்தான் பிரான்சிஸ்கா வந்தாள்.

2

பிரான்சிஸ்காவுக்கு நாற்பத்தெட்டு வயது. மன்னாரில் பள்ளிமுனையில், கோயிலுக்குப் போகிற வீதியில் போட்டோக்கொப்பியும் போன் றீலோட்டும் அடையாள அட்டைப் படமும் என்று ஒரு சின்னக் கடை வைத்திருக்கிறாள். ஒரு பக்கம் தலைமன்னார், மறுபக்கம் அனுராதபுர ஆசுபத்திரி, ஆவணி மாதத்தில் மடுத் திருவிழா. அவளுடைய கால் பட்ட உலகம் இவ்வளவுதான். ஆனால் பாரிஸ் அவளுக்குத் தண்ணீர் பட்ட பாடு.

காரணம் தம்பி மில்ரன். பிரான்சுக்குப் போய்ப் பல வருடம். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் அக்காவுக்குப் போன் எடுப்பான், எடுத்தால் நகரத்தை அப்படியே காதுக்குள் இறக்கிவிடுவான். நிலத்துக்குக் கீழே ஓடுகிற ரெயிலுக்கு எங்கே ஏறுவது, மேட்டுக் கோயிலுக்குப் படியால் ஏறாமல் எப்படிப் போவது, எந்தக் கடையில் மலிவாக வாங்குவது, எந்தக் கடையில் பார்த்துவிட்டு மட்டும் வருவது எல்லாம் வரும். ஊரில் யாருக்காவது விசா கிடைத்தால் அவர்கள் முதலில் பூசைக்குக் காசு கொடுப்பார்கள், அடுத்ததாகப் பிரான்சிஸ்காவின் கடைக்கு வருவார்கள். வாயால் சொல்லிச் சொல்லிக் களைத்து, கடைசியில் அவள் அதைத் தட்டச்சு செய்து சின்னப் புத்தகமாக அடித்துவிட்டாள். பெயர் "பாரிசில் தொலையாமல் இருப்பது எப்படி". பதினாறு பக்கம்.

(அந்தப் புத்தகம் உண்மையில் இருக்கிறதா என்று கேட்கிறீர்கள். இல்லை. ஆனால் தயவுசெய்து பள்ளிமுனைக்குத் தேடிக்கொண்டு வந்துவிடாதீர்கள். நாலு பேரிடம் விசாரித்தால் மூன்று பேர் "ஓம், கண்டனான்" என்பார்கள். பிறகு எனக்குத்தான் சங்கடம்.)

இங்கே ஒன்றைச் சொல்லாமல் மேலே போக முடியாது. பள்ளிமுனையில் ஒருவன் வாசலால் இறங்கும்போது ஒரு கணம் நின்று, முகத்தைத் தூக்கி, காற்றுப் பார்ப்பான். கடலுக்குப் போனாலும் பார்ப்பான், கடைக்குச் சீனி வாங்கப் போனாலும் பார்ப்பான். கடலே வேண்டாம் என்று அரசாங்கக் கந்தோரில் வேலை எடுத்தவனும் கழுத்துப்பட்டியோடு நின்று பார்ப்பான். வழி சொல்வதும் அப்படித்தான், இடது வலது எல்லாம் பள்ளிக்கூடத்தோடு சரி. "காத்துக்கு முதுகைக் குடுத்து நட" என்றால் எல்லோருக்கும் விளங்கும். சோளகக் காற்றுத் தொடங்கினால் மாதக்கணக்கில் ஒரே பக்கம்தான் அடிக்கும். அது ஓய்ந்தால் எதிர்ப்பக்கத்திலிருந்து வாடை. ஆகவே எந்தக் காற்று என்று அங்கே யாரும் கேட்பதில்லை.

பிரான்சிஸ்காவும் கேட்கவில்லை. புத்தகம் முழுக்கக் காற்றால்தான் வழி சொன்னாள்.

3

இனிப் பதினாலாம் பக்கம்.

ஒரு தாளை நடுவில் மடித்தால் நாலு பக்கம். நாலு தாளுக்குப் பதினாறு. இதைப் போட்டோக்கொப்பி அடிக்கிறவர்கள் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். பிரான்சிஸ்காவிடம் இருந்ததோ பதினைந்து பக்கத்துக்கான விசயம். பொலிஸ் மறித்தால் என்ன சொல்வது என்பது பதின்மூன்றில் முடிந்தது. சுகயீனம் வந்தால் எங்கே போவது என்பது, தனியே கிழித்துச் சட்டைப்பையில் வைக்க வசதியாக, பதினைந்தில் தொடங்கியது. நடுவில் ஒரு பக்கம் வெள்ளையாகக் கிடந்தது. கடைசிப் பக்கமாக இருந்திருந்தால் ஒரு சிலுவையைப் போட்டு முடித்திருப்பாள். நடுவில் வெறுமையாக விட்டால் மெசின் பிழை என்று சனம் சொல்லும்.

அன்று ஞாயிறு. மில்ரன் அப்போதுதான் பேசிவிட்டு வைத்திருந்தான். காற்று முதுகில் அடிக்க நடந்தேன் அக்கா, தண்ணீர் வந்தது, கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தேன் என்று சொல்லியிருந்தான். யாரோடு நின்றாய் என்று கேட்டாள். ஒருவரும் இல்லை என்றான். மெசினுக்கு முன்னால் உட்கார்ந்து இப்படி அடித்தாள்:

"வடக்கு ரெயில் நிலையத்தின் பெரிய வாசலால் வெளியே வந்து, அடிக்கிற காற்றுக்கு முதுகைக் கொடுத்து, தண்ணீர் காணும்வரை நேரே நடக்கவும். தண்ணீர்க் கரையில் ஒரு வாங்கு* உண்டு. பக்கத்தில் சிறிய அந்தோனியார் சுரூபம். ஞாயிறு பின்னேரங்களில் அதில் இருந்தால், எங்கள் ஊர் ஆள் ஒருவர் கட்டாயம் வருவார்."

* வாங்கு: நாலு பேர் நெருக்கி இருக்கக்கூடிய நீட்டுக் கதிரை. கடலுக்கு அந்தப் பக்கத்தில் வாசிப்பவர்கள் பெஞ்ச் என்று வைத்துக்கொள்ளலாம். நாலு பேர் என்பதை மட்டும் மறக்க வேண்டாம்.

காற்றும் தண்ணீரும் தம்பி சொன்னவை. வாங்கையும், தொலைந்ததைக் கண்டுபிடித்துத் தருகிற புனிதர் என்று அந்தோனியாரையும், வருகிற ஊர் ஆளையும் அவளே படைத்தாள். பக்கம் நிரம்பிவிட்டது, மனமும் கொஞ்சம் நிரம்பிவிட்டது.

நான் அவளைக் குறை சொல்லமாட்டேன். உலகத்தில் எழுதப்பட்டவற்றில் பாதி, பக்கம் வெள்ளையாகக் கிடக்கிறதே என்ற பதற்றத்தில் எழுதப்பட்டதுதான். கதைக்கும் வழிகாட்டி நூலுக்கும் வித்தியாசம் ஒன்றே ஒன்று. கதையில் "இந்தத் தெருவால் திரும்பினான்" என்று வந்தால் நீங்கள் கதிரையை விட்டு எழும்பமாட்டீர்கள். வழிகாட்டியில் "திரும்பவும்" என்று வந்தால் எழும்பித் திரும்புவீர்கள். பிரான்சிஸ்கா அடித்ததோ கதை, போட்டதோ வழிகாட்டிக்குள்.

போனவர்கள் திரும்பினார்கள். படிக்கப் போன டிலோஜன்தான் முதலில் சொன்னான்.

"கண்டனான் அக்கா. நல்ல இடம். ஆனா கொஞ்சம் நடக்கோணும்."

பிரான்சிஸ்கா சிரித்தாள். கெட்டிக்காரப் பெடியன், கண்டுபிடிக்கவில்லை என்று சொல்ல வெட்கப்படுகிறான் என்று நினைத்தாள். பிறகு கலியாணம் கட்டிப் போன டினோஜா சொன்னாள். பிறகு வங்காலையிலிருந்து போன ஒரு குடும்பம், அந்தோனியார் என்ன வடிவு என்று சொல்லியனுப்பியது. பிரான்சிஸ்காவுக்குச் சிரிப்புக் குறைந்துகொண்டே வந்தது. தனக்குப் பொய்யென்று தெரிந்த ஒன்றை ஊரே போய்ப் பார்த்துவிட்டு வந்தால் அவள் எந்த மூலையில் போய் நிற்பது?

4

அந்தோனியம்மாவை நான் இவ்வளவு நேரம் உள்ளே விடவில்லை. விட்டால் கதை என் கையை விட்டுப் போய்விடும் என்று பயம்.

அவர் பிரான்சிஸ்காவின் கடைக்கு நாலு வீடு தள்ளி இருக்கிறார். விதவை, அறுபத்தாறு வயது. கணவர் மரியதாஸ் நாலு வருடத்துக்கு முன் மாரடைப்பில் போனார். ஒரே மகன் ரொபின்சன் பாரிஸ் பக்கம் எங்கோ, வதிவிடக் கடதாசி இல்லாமல். கடதாசி இல்லாதவன் வெளிக்கிட்டால் திரும்ப உள்ளே போக முடியாது. ஆகவே தகப்பனின் அடக்கத்துக்கு வரவில்லை. பிரேதத்தை வைத்துக்கொண்டு அந்தோனியம்மா போனில் ஒரு வார்த்தை சொன்னார். அதற்குப் பிறகு ரொபின்சன் எடுக்கவில்லை. அந்த இலக்கமும் இப்போது வேலை செய்வதில்லை.

பங்குக் கோயில் யாத்திரையோடு அவர் பிரான்சில் இருக்கிற லூர்து மாதா கோயிலுக்குப் போகிறார் என்று ஊருக்குத் தெரியும். கடைக்கு வந்தவர் கையில் புத்தகத்திலிருந்து கழற்றிய ஒரு தாள் இருந்தது.

"பிள்ளை, இதை மட்டும் லமினேற் பண்ணித் தா. அங்கை மழையாம்."

பிரான்சிஸ்கா தாளைப் பார்த்தாள். பதினாலாம் பக்கம்.

"மாமி, நீங்கள் லூர்துக்கெல்லோ போறியள்?"

"லூர்து முடிச்சு வரேக்கை ஞாயிற்றுக்கிழமை பாரிசிலை பஸ்ஸை நிப்பாட்டுவினமாம். மூண்டு மணித்தியாலம். சனம் லாச்சப்பல் தமிழ்க் கடையளுக்குப் போகுது. எனக்கென்ன கடை? நான் போய் உன்ரை வாங்கிலை இருக்கப்போறன். எங்கட ஊர் ஆள் கட்டாயம் வரும் எண்டு எழுதியிருக்கிறாய். ரொபின்சனும் எங்கட ஊர் தானே?"

பிரான்சிஸ்காவுக்கு மெசின் சூடாகும் முன்னமே கை சுட்டது.

"மாமி, ஒண்டு சொல்லோணும். கோவிக்கக் கூடாது. அந்த வாங்கு இல்லை."

"இல்லையெண்டா? கழட்டிப்போட்டாங்களே?"

"எப்பவுமே இல்லை. ஒரு பக்கம் வெறுமையாக் கிடந்தது. நான் சும்மா எழுதினனான்."

அந்தோனியம்மா சிரித்துவிட்டார்.

"அடி போடி. டிலோஜன் கண்டவன். டினோஜா கண்டவள். வங்காலைச் சனம் மெழுகுதிரி கொளுத்திப்போட்டு வந்திருக்குது. உன்ரை புத்தகத்தை நீயே நம்பாட்டி வேறை ஆர் நம்புறது?"

"அந்தோனியாராணை மாமி, நான் கட்டின கதை."

"அந்தோனியாரிலை பொய்ச்சத்தியம் பண்ணாதை பிள்ளை. அவர் பொல்லாதவர்."

எழுத்தாளனாக நானும் இதை அனுபவித்திருக்கிறேன். பொய்யை எழுதினால் உடனே நம்புவார்கள். அது பொய் என்ற உண்மையைச் சொன்னால் சாட்சி கேட்பார்கள்.

அந்தோனியம்மா சிரிப்பை நிறுத்திவிட்டுக் கடை வாசலைப் பார்த்தார்.

"அவரைப் பெட்டியிலை வைச்சுக்கொண்டு, எனக்குப் பிள்ளையே இல்லையெண்டு சொன்னனான். இந்த வாய்தான். அதைத் திருப்பி எடுக்கோணும். அவனைக் கண்டு, முகத்துக்கு நேரை எடுக்கோணும். நீ லமினேற் பண்ணு."

பண்ணினாள். வேறென்ன செய்வாள்? அவளுடைய பொய் மெசினுக்குள் போய், சுடச்சுடப் பளபளவென்று, மழை பட்டாலும் அழியாததாக வெளியே வந்தது.

5

அந்தோனியம்மா விமானம் ஏறிய அன்று பிரான்சிஸ்கா தம்பிக்குப் போன் எடுத்தாள். அவளிடம் ஒரு திட்டம் இருந்தது. பொய்யை உண்மையாக்கிவிட்டால் பாவம் கழிந்துவிடும்.

"தம்பி, ஒரு சின்ன அந்தோனியார் சுரூபம் எடுத்துக்கொண்டு போய், அந்தத் தண்ணிக் கரையிலை ஒரு வாங்குக்குப் பக்கத்திலை வை. ஞாயிற்றுக்கிழமை நீயும் போய் இரு. மாமி வருவா."

"எந்தத் தண்ணி அக்கா?"

"நீ சொன்னனியே, காத்து முதுகிலை அடிக்க நடந்தனான், தண்ணி வந்துது எண்டு."

மறுமுனையில் மில்ரன் தொண்டையைச் செருமினான்.

"அக்கா, நான் பாரிசிலை இல்லை."

"இப்ப எங்கை நிக்கிறாய்?"

"இப்ப எண்டில்லை. எப்பவுமே இல்லை. இது வேறை ஊர். சின்ன ஊர். ரெயிலிலை நாலு மணித்தியாலம். கோழி பைக்கற் பண்ணிற இடத்திலை வேலை. நான் சொன்ன தண்ணி இந்த ஊர் ஆறு."

"அப்ப மேட்டுக் கோயில்? நிலத்துக்குக் கீழை ரெயில்?"

"நீங்கள் முதல் தரம் பாரிஸ் எப்பிடியடா எண்டு கேட்டியள். பிரான்சுக்கு வந்திட்டு அதைப் பாக்கேல்லை எண்டு எப்பிடிச் சொல்லுறது? பழம்புத்தகக் கடையிலை படம் போட்ட வழிகாட்டிப் புத்தகம் ஒண்டு கிடந்தது. ஞாயிற்றுக்கிழமைகளிலை அதைப் பாத்துத்தான் சொன்னனான்."

பதினாறு பக்கமும் பிரான்சிஸ்காவின் கண்முன்னால் ஒவ்வொன்றாகக் கழன்று விழுந்தன. "நாசமாப் போவாய்" என்றாள். பிறகு அவளையறியாமல் சிரிப்பு வந்துவிட்டது, சிரித்து முடிந்ததும் அழுகையும் வந்தது. ஒவ்வொரு ஞாயிறும் தம்பி தனியாக இருந்து, யாரோ எழுதிய நகரத்தை அவளுக்கு வாசித்துக் காட்டியிருக்கிறான். அவனிடம் அவளுக்குக் கோபமே வரவில்லை.

(மில்ரனை எடுத்துவிடலாமா என்று இந்த இடத்தில் யோசித்தேன். அக்காவும் பொய், தம்பியும் பொய் என்றால் வாசகர் நம்புவாரா? பிறகு என்னையே பார்த்தேன். விசா இல்லாதவன் பாரிஸ் பற்றிச் சிறப்பிதழுக்கு எழுதுகிறான். மில்ரன் இருக்கட்டும்.)

"சனிக்கிழமை லீவெல்லோ?" என்றாள் பிரான்சிஸ்கா. "புத்தகத்தைப் போனுக்கு அனுப்பிறன். அதைப் பிடிச்சுக்கொண்டு பாரிசுக்குப் போ. நான் எழுதின மாதிரியே நட."

"அது என்ரை பொய்யக்கா."

"உன்ரை பொய்யிலை நீயே நடந்து பார்."

6

இப்படியாக மில்ரன் என்கிற மன்னாரான், தான் வாசித்துச் சொன்னதைத் தமக்கை எழுதி அனுப்ப, அந்த வழிகாட்டி நூலோடு பாரிஸ் மாநகரை முதன்முதலாகச் சுற்றிப் பார்க்கப் புறப்பட்டான். வடக்கு நிலையத்தின் பெரிய வாசலால் வந்தான். நின்றான். முகத்தைத் தூக்கிக் காற்றுப் பார்த்தான். முதுகைக் கொடுத்து நடந்தான்.

அந்த நகரத்தில் ஒரு விசேசம், எந்தப் பக்கம் நடந்தாலும் கடைசியில் ஏதோ ஒரு தண்ணீர் வந்துவிடும். ஒரு பக்கம் வாய்க்கால், மற்றப் பக்கங்களில் வளைந்து வளைந்து வரும் ஆறு. மில்ரனுக்கு வாய்க்கால் வந்தது. வாய்க்கால் கரையில் வாங்கு. வாங்குக்குப் பக்கத்து மதில் பொந்தில் ஒரு சாண் உயரத்தில் அந்தோனியார். வாங்கில் ஒரு மனிதர் தொப்பியோடு இருந்து கச்சான் கடலை உடைத்துக்கொண்டிருந்தார்.

"நீங்கள் மன்னாரே?" என்று மில்ரன் கேட்டான்.

"ஓம் தம்பி. எருக்கலம்பிட்டி. சனூன். இரியுங்கோ, கடலை தின்னுங்கோ."

(இந்தச் சனூனை நான் கூப்பிடவேயில்லை. மில்ரன் வெறும் வாங்கைப் பார்த்துவிட்டுத் திரும்புவான் என்றுதான் எழுத உட்கார்ந்தேன். பார்த்தால் இவர் ஏற்கெனவே இருக்கிறார், தோலெல்லாம் கீழே கொட்டியிருக்கிறது. எழும்பச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.)

"இந்த அந்தோனியார் எப்பிடி வந்தவர் நானா?" என்று மில்ரன் கேட்டான். ஊரில் முஸ்லிம் அண்ணன்மாரை நானா என்றுதான் கூப்பிடுவார்கள்.

"டிலோஜன் எண்டொரு பெடியன் வைச்சது. புத்தகத்திலை இருக்கெண்டு தேடி வந்தானாம், இங்கை சுரூபத்தைக் காணேல்லையாம். ஆரோ களவெடுத்துப்போட்டாங்கள் எண்டு வேறை ஒண்டு கொண்டுவந்து வைச்சவன். நான் வாறநேரம் தூசு தட்டிவிடுவன். எனக்கும் அவருக்கும் ஒரு பிரச்சினையும் இல்லை."

"ஒரு வாங்குதானே இருக்கு?"

சனூன் சிரித்தார்.

"எனக்குத் தெரிய இன்னும் மூண்டு. ஒண்டு ஆத்தங்கரையிலை, பாலத்துக்குக் கீழை. மற்றது கிட்டத்தட்டப் பட்டணத்துக்கு வெளியாலை. மூண்டாவது இதே வாய்க்காலின்ரை அடுத்த முனையிலை. தம்பி, இந்த ஊர்க் காத்து எங்கட சோளகமே? இண்டைக்கு இஞ்சாலை, நாளைக்கு அங்காலை. ஒவ்வொருத்தனும் தான் வந்த அண்டைக்கு அடிச்ச காத்தைப் பிடிச்சு நடந்து, ஒவ்வொரு வாங்கிலை போய் இருந்திட்டான். அந்தோனியாரைக் காணேல்லையெண்டு ஆளாளுக்கு ஒண்டு வைச்சாச்சு. இப்ப தன்ரைதான் சரியான வாங்கு, மற்றதெல்லாம் கள்ள வாங்கு எண்டு சண்டை."

மில்ரன் ரொபின்சனைப் பற்றிக் கேட்டான்.

"ரொபின்சனோ? அவனிட்டையும் அந்தப் புத்தகம் இருக்கு, ஞாயிறு ஞாயிறு வருவான். எங்கையோ வெளியூரிலை வேலை, ரெயிலிலை வந்து வடக்கு நிலையத்திலை இறங்குவான். ஆனா இந்த வாங்குக்கு இல்லை. அவன்ரை வாங்கு வேறை. எது எண்டு எனக்குத் தெரியாது. கருவாட்டுக் கடையிலை கண்ட இடத்திலை கேட்டன். நீங்கள் பிழையான இடத்திலை இருக்கிறியள் நானா எண்டு கோவிச்சுக்கொண்டு போட்டான்."

"போன் நம்பர்?"

"கடதாசி இல்லாதவன் ஆருக்குத் தம்பி நம்பர் குடுப்பான்?"

மில்ரன் அங்கிருந்தே அக்காவுக்கு எல்லாவற்றையும் சொன்னான். அவள் ஒரு வாங்குதான் எழுதினாள், ஊர் நாலு செய்து வைத்திருக்கிறது. தாய் ஒரு வாங்கிலும் மகன் வேறொரு வாங்கிலுமாக, இரண்டு பேரும் அவளுடைய புத்தகத்தின்படியே மூன்று மணித்தியாலம் காத்திருக்கப் போகிறார்கள்.

ஞாயிற்றுக்கிழமை மில்ரன் போய் நாலையும் சுற்றி வரலாமே என்கிறீர்கள். எனக்கும் தோன்றியது. அதனால்தான் அவனுக்கு அந்த ஞாயிறு மட்டும் வேலை போட்டேன். கதை எழுதுகிறவனுக்கு அந்தளவு அதிகாரமாவது வேண்டாமா? சனூன் போகலாமே என்கிறீர்கள். அவருக்கு முழங்கால் வருத்தம். இப்போதுதான் வந்தது.

7

முடிவுக்கு வந்துவிட்டோம். கைவசம் மூன்று வைத்திருக்கிறேன்.

முதலாவது, பத்திரிகைக்காரர் விரும்பக்கூடியது. "தூரத்தில் ஓர் உருவம் தெரிந்தது. அந்தோனியம்மாவின் கண்கள் பனித்தன. அம்மா என்ற

வேண்டாம். இப்படி எழுதினால் பிரான்சிஸ்காவே என்னைச் சும்மா விடமாட்டாள்.

இரண்டாவது, அந்தோனியம்மா சனூனின் வாங்கில் போய் இருக்கிறார். ஊர் ஆள் ஒருவர் கட்டாயம் வருவார் என்றது பலித்துவிட்டது, ஆனால் வந்தது வேண்டிய ஆள் இல்லை. இரண்டு பேரும் கடலை தின்கிறார்கள். இது இலக்கியத்தரமானது, எல்லோரும் பெருமூச்சு விடுவார்கள். எனக்கும் கொஞ்சம் ஆசைதான்.

மூன்றாவது, பஸ் வெளிக்கிட்டுவிடுகிறது. இது சுருக்கமானது. எழுத எனக்கு மனம் வரவில்லை.

இந்த மூன்றையும் மேசையில் பரப்பிவைத்துக்கொண்டு நான் இருக்க, பள்ளிமுனையில் ஞாயிறு பின்னேரம் பிரான்சிஸ்காவின் போன் அடித்தது. யாத்திரைக் குழுத் தலைவரின் இலக்கம். பேசியது அந்தோனியம்மா.

"பிள்ளை, நான் ஸ்ரேசன் வாசலிலை நிக்கிறன். பெரிய வாசல்தான். உன்ரை தாளும் கையிலை இருக்குது. ஆனா காத்து ஒரு பக்கத்தாலை இல்லை. கட்டடத்துக்குக் கட்டடம் பட்டுச் சுத்துது. எதுக்கு முதுகைக் குடுக்கிறது?"

பிரான்சிஸ்காவின் கடைக்கு வெளியே சோளகம் ஒரே பக்கமாக அடித்துக்கொண்டிருந்தது. பலகையில் குத்திவைத்திருந்த றீலோட் விளம்பரங்கள் எல்லாம் ஒரே திசைக்குப் பறந்தன. அவள் வாசலுக்கு வந்து நின்று, பழக்கதோசத்தில் முகத்தைத் தூக்கினாள். அப்படியே நின்றுவிட்டாள்.

"மாமி," என்றாள். "மரியதாஸ் மாமா வாசலாலை இறங்கேக்கை என்ன செய்வார்?"

"இப்ப ஏன் பிள்ளை அந்தக் கதை? நிண்டு காத்துப் பாப்பார்."

"ரொபின்சன்?"

"அவனும் தேப்பனை மாதிரித்தான். பள்ளிக்கூடத்துக்குப் பிந்தினாலும் நிண்டு பாத்திட்டுத்தான் போவான். நான் கத்துவன்."

"மாமி, ஒரு இடமும் நடவாதையுங்கோ. தாளைப் பைக்குள்ளை வையுங்கோ. என்ரை புத்தகத்திலை ஆர் எந்த வாங்குக்குப் போனாலும் அந்த வாசலாலைதான் வெளிக்கிடோணும். அவன் ரெயிலிலை வாறவனாம். அதிலையே இருங்கோ."

இது எனக்குத் தோன்றவேயில்லை. சத்தியமாக. நானும் டிலோஜனைப் போல, சனூனைப் போல, வாங்குகளுக்குப் பின்னாலேயே அலைந்துகொண்டிருந்தேன். பிரான்சிஸ்கா தன் வாழ்நாளில் பாரிசுக்குள் சொன்ன முதல் உண்மையான வழி இது. என் மூன்று முடிவுகளையும் அவள் ஒரே மூச்சில் குப்பையில் போட்டுவிட்டாள்.

"நிண்டுகொண்டிருக்க ஏலாது பிள்ளை, கால் உழையுது."

"அக்கம்பக்கத்திலை வாங்கு ஒண்டும் இல்லையே?"

நிலையத்து இரைச்சலுக்கு நடுவே அந்தோனியம்மாவின் குரல் வந்தது.

"ஒண்டு இருக்குது. வாசலுக்கு நேரை. அந்தோனியார்தான் இல்லை."

"பறவாயில்லை. நீங்கள் இருங்கோ."

"இவ்வளவு சனத்துக்கை அவனை எப்பிடிப் பிள்ளை மட்டுக்கட்டுறது? இப்ப எப்பிடி இருக்கிறானோ. மெலிஞ்சானோ, மொட்டை விழுந்துதோ."

"முகத்தைப் பாக்காதையுங்கோ மாமி. ஆர் நிக்கினம் எண்டு பாருங்கோ."

தலைவருக்குப் போன் வேண்டியிருந்தது. தொடர்பு துண்டிக்கப்பட்டது. பிரான்சிஸ்கா கடை வாசலிலேயே நின்றாள், உள்ளே யாரோ போட்டோக்கொப்பிக்குக் கூப்பிட்டும் போகவில்லை. இதற்கு மேல் அவளால் செய்யக்கூடியது ஒன்றுமில்லை, என்னாலும் இல்லை. ரொபின்சன் இந்த ஞாயிறு வருகிறானா, வேலை மாறிப்போனதா, வந்தாலும் தாயைக் கண்டு தலையைக் குனிந்துகொண்டு போய்விடுவானா? எனக்குத் தெரியாது. தெரிந்ததுபோல எழுதலாம்தான். இன்றைக்கு வேண்டாம். வர வேண்டும் என்று மட்டும் எனக்கு ஆசையாக இருக்கிறது.

எனக்கு விசா இல்லை. உங்களுக்கு வாசிக்கத் தெரிந்தால் போதும், போகலாம். அந்தோனியம்மாவுக்குப் பக்கத்தில் போய் இருங்கள், வாங்கில் இடம் இருக்கிறது. ரெயில் வந்திருக்கிறது, வாசலால் சனம் வெளியே வருகிறது. ஒருவரும் நிற்காமல் போனைப் பார்த்துக்கொண்டு நேரே போகிறார்கள். அந்தோனியம்மாவுக்குத் தூரப்பார்வை கொஞ்சம் மட்டு. வாசல்படியில் யாராவது ஒருவன் நின்று முகத்தைத் தூக்கினால், அவருடைய முழங்கையை மெதுவாகத் தட்டுங்கள்.